மதுரையிலிருந்து முழுநாள் ராஃப்டிங்: எந்த ஆறு, எந்த மாசம், பணம் கட்டுமுன் என்ன கேக்கணும்?

#1 நாலுமாசிவீதி

வணக்கம். ஆபீஸ் ஆளுங்க 11 பேர். வயசு 15-லருந்து 58 வரைக்கும். பாதிப் பேருக்கு நீச்சல் தெரியாது. ரெண்டு பேர் கண்ணாடி போட்டவங்க, ஒருத்தர் பிரஷர் மாத்திரை சாப்பிடுறவர். கைடோட முழுநாள் ராஃப்டிங் (காத்தடிச்ச ரப்பர் படகுல வேகமா ஓடுற ஆத்துல போறது) போறதுன்னு முடிவாகியிருக்கு. பள்ளிக்கூட லீவு பாத்து மே மாசம் நினைக்கிறோம்.

தேக்கடியில "மூங்கில் ராஃப்டிங்"னு இருக்கே, அது இதுதானா? கூர்க் மே மாசம் சரிவருமா? பணம் கட்டுறதுக்கு முன்னாடி கம்பெனிகிட்ட என்ன கேக்கணும்? தெரிஞ்சவங்க விவரமா சொல்லுங்க.

#2 ஆரப்பாளையம்_பஸ்

தேக்கடி வேற, நீங்க கேக்குறது வேற. அது பெரியாறு புலிகள் காப்பகத்துக்குள்ள, அணை நீர் தேங்கி நிக்கிற ஏரியில மூங்கில் தெப்பத்துல போறது. காலை 8 மணிக்குக் கிளம்பிச் சாயங்காலம் 5 மணிக்குத் திரும்புற முழுநாள் திட்டம். பாதித் தூரம் காட்டுல நடை, மீதி தெப்பம். துப்பாக்கி வச்ச வனக்காவலர் கூடவே வருவார். யானை, காட்டெருமை பாக்கத் தோதான இடம். ஆனா தண்ணி அசையாது, நுரைக்கிறதுக்கு வாய்ப்பே இல்ல. நம்ம ஆரப்பாளையத்துல குமுளி பஸ் ஏறினா நாலு மணி நேரத்துச் சொச்சம்.

58 வயசுக்காரரும் பிரஷர்காரரும் தயங்கினா, அவங்களுக்கு அதுவே நல்ல நாள். ஆனா ராஃப்டிங் போனேன்னு ஊர்ல சொல்லிக்க முடியாது.

#3 ஜில்ஜில்_ஜிகர்தண்டா

எதுக்குண்ணே அம்புட்டு தூரம்? அழகர் எறங்கயில வைகையில தண்ணி விடுவாய்ங்கல்ல. லாரி ட்யூப் ரெண்டு வாங்கி, ஏ.வி. பாலத்துக்கு மேல எறங்கினா யானைக்கல் வரைக்கும் ஓசி ராஃப்டிங் 😄

#4 கனஅடி

தம்பி, விளையாட்டுக்குச் சொன்னாலும் இதப் படிச்சிட்டு எவனாவது எறங்குவான். அதனால கொஞ்சம் நீட்டியே சொல்றேன்.

மதுரைக்குள்ள வைகையில ஆழம் பெரிய ஆபத்து இல்ல. தடுப்பணைதான் ஆபத்து. ஏ.வி. பாலம், ஓபுளா படித்துறைப் பக்கம் குறுக்கே கட்டியிருக்கிற சுவர்கள் மேல இருந்து பாத்தா முழங்கால் உயர அருவி மாதிரி அழகா இருக்கும். சுவரைத் தாண்டி விழுற தண்ணி அடிவரைக்கும் போய், மேல எழும்பி, மறுபடி சுவரைப் பாத்தே திரும்பும். இந்தச் சுழற்சி ஆத்தோட முழு அகலத்துக்கும் ஒரே சீரா இருக்கும். மலையாத்துல பாறைக்குப் பின்னாடி விழுற சுழலுக்கு ரெண்டு ஓரத்துலயும் வெளியேற வழி உண்டு, இதுக்குக் கிடையாது. உள்ள விழுந்தவன சுவருக்கு இழுக்கும், அமுக்கும், மேல விடும், மறுபடி இழுக்கும். அங்க தண்ணியில காத்து கலந்திருக்கிறதால மிதப்பும் கொறவு. லைஃப் ஜாக்கெட்கூடச் சரியாத் தூக்காது. ராஃப்டிங் கைடுங்க நாலாம் தர ராப்பிட்ல (ஆறு நுரைச்சு வேகமா ஓடுற எடம்; ஒண்ணுலருந்து ஆறு வரைக்கும் தரம், எண் கூடக்கூட ஆபத்து) சிரிச்சிக்கிட்டே எறங்குவாங்க, ஆனா இந்த மாதிரி தட்டைச் சுவரக் கண்டா படகத் தூக்கிக்கிட்டுக் கரையில நடந்துருவாங்க.

ரெண்டாவது, அளவு. பேப்பர்ல "விநாடிக்கு 3000 கனஅடி திறப்பு"ன்னு வரும். ஒரு கனஅடி 28.3 லிட்டர். அப்ப 3000 கனஅடின்னா விநாடிக்குச் சுமார் 85 டன் தண்ணி உங்களத் தாண்டிப் போகுது. வேகம் ரெண்டு மடங்கானா உங்க மேல விழுற விசை நாலு மடங்கு. முழங்கால் தண்ணிதானேன்னு நிக்கிறவன் விழுறதுக்குக் காரணம் இதுதான்.

71 அடி வைகை அணையில நீர்மட்டம் 66, 68.5, 69 அடின்னு வர்றப்ப மூணு கட்டமா வெள்ள எச்சரிக்கை கொடுக்குறது கரையோரத்து ஜனங்க விலகிப் போறதுக்கு. ட்யூபோட வர்றதுக்கு இல்ல.

#5 நெறியாளர்

#3-ஐ நீக்கவில்லை, #4 அதற்குப் பதிலாக நிற்பதால். ட்யூப் யோசனை இத்தோடு முடிந்தது. தலைப்புக்கு வாங்க.

#6 துடுப்புக்காரன்

நாலுமாசிவீதி ஐயாவுக்கு. ஊரத் தேர்ந்தெடுக்குறதுக்கு முன்னாடி மாசத்தத் தேர்ந்தெடுக்கணும். நம்ம பக்கம் எல்லாரும் லீவு பாத்துத் தேதி போடுறாங்க. ஆறு லீவு பாத்து ஓடாது.

கூர்க்குல ரெண்டு இடம். தெற்குல பாரபோளே, குஷால்நகர் பக்கம் காவிரியில துபாரே. பாரபோளேதான் அசல் சரக்கு. குறுகலான மலையாறு, பாறை நெருக்கம், கேரளாவப் பாத்து மேற்க ஓடுறது. மேல அணை எதுவும் இல்ல, மழை பெஞ்சாத்தான் ஆறு. ஜூன் கடைசிலருந்து செப்டம்பர் வரைக்கும் சரி. மே மாசம் போனா பாறை மேல நடக்கலாம். துபாரேயும் மழைக்காலத்துக்குத்தான், அதுவும் லேசான ஓட்டம். மே மாசம் அங்க "ராஃப்டிங்"னு காசு வாங்கினா, தேங்குன தண்ணியில துடுப்புப் போட வைப்பாங்க, அவ்வளவுதான்.

மே மாசம் ஓடுறது அணைத் தண்ணி ஆறும் பனித் தண்ணி ஆறும்.

அணைத் தண்ணின்னா ரெண்டு. வட கர்நாடகாவுல காளி ஆறு, தாண்டேலிப் பக்கம் கணேஷ்குடி. சூபா அணையில மின்சாரத்துக்குத் திறக்குற தண்ணி, 9 கிலோமீட்டர் சொச்சம், ரெண்டு மூணாம் தரம். அதே தாண்டேலியில குட்டி ராஃப்டிங்னு ஒண்ணு விக்கிறாங்க, தூரமும் கொறவு, ஓட்டமும் கொறவு. புக் பண்ணயில எதுன்னு கேட்டு எழுதி வாங்குங்க. இன்னொண்ணு மகாராஷ்டிராவுல கோலாட், குண்டலிகா ஆறு. மின்நிலையத்துத் தண்ணி காலையில வரும், அது வந்தப்புறம் படகு எறங்கும். சுமார் 12 கிலோமீட்டர். ரெண்டுமே மதியத்துக்குள்ள முடிஞ்சிரும், "முழுநாள்"னு சொல்றது சாப்பாட்டையும் ஜீப்பையும் சேர்த்து.

உண்மையிலேயே நாள் முழுக்கத் தண்ணியில இருக்கணும்னா ரிஷிகேஷ் கங்கைதான். கௌடியாலாவுல எறங்கி ரிஷிகேஷ் வரைக்கும் சுமார் 36 கிலோமீட்டர். நடுவுல ஆத்து மணல்ல சாப்பாடு. சீசன் செப்டம்பர் பாதியிலருந்து ஜூன் வரைக்கும், மழைக்கு மூடிருவாங்க. கொறஞ்ச வயசு 14, உங்க பையனுக்குத் தடையில்ல.

ஆனா ஒண்ணு. கௌடியாலாவுக்குக் கீழ "தி வால்"னு ஒரு ராப்பிட். அந்த ஆத்துலயே பெருசு. தண்ணி கூடினா நாலாம் தரத்துக்கு மேல. பாதிப் பேருக்கு நீச்சல் தெரியாத கூட்டத்த அதுக்கு மேல இருந்து எறக்குறது எனக்குச் சம்மதமில்ல. மரீன் டிரைவ்னு ஒரு எடம், அங்க இருந்து எறங்கினா சுமார் 25 கிலோமீட்டர். "தி வால்" நமக்கு மேலயே நின்னுரும், "ரோலர் கோஸ்டர்", "கோல்ஃப் கோர்ஸ்" ராப்பிட் எல்லாம் கெடைக்கும். முதல் தடவைக்கு அது போதும், மிச்சமே இருக்கும்.

#7 ஆரப்பாளையம்_பஸ்

பயணக் கணக்கு. கூர்க்குன்னா தூத்துக்குடி–மைசூரு எக்ஸ்பிரஸ் தினமும் மதுரை வழியாப் போகுது. சாயங்காலம் ஏறினா மறுநாள் காலை மைசூரு. அங்க இருந்து ஹுன்சூர் வழியா கோணிகொப்பல் சுமார் 90 கிலோமீட்டர்.

ரிஷிகேஷ்னா மதுரை–நிஜாமுதீன் சம்பர்க் கிராந்தி வாரம் ரெண்டு நாள். டெல்லியில எறங்கி ஹரித்வார் ரயிலோ பஸ்ஸோ, அங்க இருந்து ரிஷிகேஷ் ஒரு மணி நேரம். போக வர நாலஞ்சு நாள் ரயில்லயே போயிரும். விமானம்னா டேராடூன் ஜாலி கிராண்ட் எறங்குங்க, ரிஷிகேஷுக்கு 20 கிலோமீட்டர்தான்.

மே மாசம் சார்தாம் யாத்திரை (பத்ரிநாத், கேதார்நாத் பக்கம்) நடக்கும். அந்த மலைரோடு சனி ஞாயிறு நகராது. செவ்வாய், புதன் வச்சுக்கங்க. இல்லன்னா ராஃப்டிங் மூணு மணி நேரம், ஜீப்புக்குள்ள அஞ்சு மணி நேரம்.

#8 நாலுமாசிவீதி

ரொம்ப நன்றிண்ணே. அப்ப ரிஷிகேஷ், மரீன் டிரைவ், வாரநாள். கம்பெனிகிட்ட என்ன கேக்கணும்? போன்ல எல்லாருமே "ஃபுல் சேஃப்டி சார்"னுதான் சொல்றாங்க.

#9 துடுப்புக்காரன்

"சேஃப்டி இருக்கா"ன்னு கேட்டா யாரு இல்லம்பாங்க? பதில்ல பொருளும் எண்ணிக்கையும் வர்ற மாதிரிக் கேளுங்க.

எத்தனை படகு சேந்து எறங்கும்? ஒத்தைப் படகா எறங்குறவங்கள விட்டுருங்க. ஒண்ணு கவுந்தா ஆள் பொறுக்க இன்னொண்ணு வேணும், இல்ல சேஃப்டி கயாக் (ஒத்தை ஆள் ஓட்டுற சின்னப் படகு) ஒண்ணு முன்னாடி போகணும். கயாக் ஓட்டுறவர் வேற வீடியோ எடுக்குறவர் வேறயான்னும் கேளுங்க. பல எடத்துல ரெண்டு வேலையும் ஒரே ஆள். நீங்க தண்ணியில இருக்கயில அவர் கேமராவ மூடிக்கிட்டு இருப்பார்.

ஒரு படகுல எத்தனை பேர்? 14 அடிப் படகுக்குக் கைடைத் தவிர 8 பேருக்கு மேல வேணாம். 6 பேர்னா இன்னும் நல்லது.

கைடுக்கு அந்த ஆத்துல லைசென்ஸ் இருக்கா, முதலுதவிச் சான்று நடப்புல இருக்கா? உத்தராகண்ட்ல 2014-லருந்து ராஃப்டிங்குக்குன்னு தனி விதியே இருக்கு. சர்வதேச ராஃப்டிங் கூட்டமைப்போட சான்று வச்சிருந்தா இன்னும் நல்லது. கேட்டா முகம் சுளிக்கிற கம்பெனிக்குக் காசு கட்டாதீங்க.

எந்த நீர்மட்டத்துக்கு மேல ரத்து பண்ணுவீங்க, பணம் திரும்புமா? முக்கியமான கேள்வி இதுதான். ரத்து பண்ணினா காசு திருப்பணும்னு இருக்கிற கம்பெனி, தண்ணி கூடின நாள்லயும் எறக்கத்தான் பாக்கும். "ஆத்தோட கீழ்ப் பகுதிக்கு மாத்திக் குடுப்போம், இல்ல மறுநாள்"னு எழுதித் தர்றவங்க பரவாயில்ல.

அங்க போனதும் கண்ணால பாக்க வேண்டியது படகு. தரை தனியாக் காத்தடிச்சு, ஓரத்துல கயிறு கோத்துக் கட்டியிருக்கா பாருங்க. அந்தக் கோத்த எடைவெளி வழியாத்தான் உள்ள விழுற தண்ணி தானா வடியும். தரை வெறும் ஷீட்டா இருந்தா வாளியால எறைக்கணும். தண்ணி நெறஞ்ச படகு ஒரு டன்னுக்கு மேல கனக்கும், திருப்பவே வராது.

படகோட ஓரத்துக் காத்து ட்யூப்பக் கட்டைவிரலால அமுக்குங்க. லேசாத்தான் குழியணும். வெயில்ல கெடந்த படகு கல்லு மாதிரி இருக்கும். அதப் பாத்து ஏமாந்துறாதீங்க, குளிர்ந்த தண்ணியில விட்ட பத்து நிமிசத்துல உள்ள இருக்கிற காத்து சுருங்கித் தொளதொளன்னு ஆயிரும். நல்ல கைடு தண்ணியில விட்டப்புறம் மறுபடி பம்ப் அடிப்பார். காத்து கொறஞ்ச படகு சுழலுக்குள்ள நடுவுல மடியும், தோசை மடிச்ச மாதிரி. முன்னாடி ஒக்காந்தவங்களும் பின்னாடி ஒக்காந்தவங்களும் முட்டிக்குவாங்க.

கைடுகிட்ட வீசுகயிறுப் பை இடுப்புலயோ கைக்கெட்டுற எடத்துலயோ இருக்கணும். 15-லருந்து 20 மீட்டர், மிதக்குற கயிறு. அடியில மூட்டைக்குக் கீழ கெடந்தா அது இல்லாத மாதிரிதான். அப்புறம் விசில், கத்தி, முதலுதவிப் பெட்டி, ஒடைஞ்சா மாத்த ஒரு உபரித் துடுப்பு.

லைஃப் ஜாக்கெட்ட நீங்களே போட்டுப் பக்கிள் மாட்டி, கீழ இருந்து மேல வரிசையா இறுக்குங்க. இன்னொருத்தர் ரெண்டு தோள்பட்டையையும் புடிச்சு மேல இழுக்கணும். மூக்குக்கு வந்தா லூசு. மூச்சு இழுக்க முடியணும், ஜாக்கெட் ஏறக் கூடாது. நுரை பிஞ்சு, வெயில்ல வெளுத்து, பக்கிள் ஒடைஞ்சு முடிச்சுப் போட்டு வச்சிருந்தா வேற கேளுங்க. வெக்கப்படாதீங்க.

ஹெல்மெட்ட மாட்டித் தலைய ஆட்டுங்க. தலையோட சேந்து ஆடணும், தனியா ஆடக் கூடாது. நெத்திய மூடணும். போட்டோவுக்கு அழகா இருக்கும்னு பின்னாடி தள்ளிப் போடுறவங்களுக்குத்தான் நெத்தியில தையல்.

#10 கேகேநகர்_சிஸ்டர்

உடம்பு விஷயம் நான் சொல்றேன்.

இதய நோய், கட்டுக்குள்ள வராத பிரஷர், வலிப்பு, கர்ப்பம், சமீபத்துல ஆபரேஷன், தோள்பட்டை நழுவுற பழக்கம், விழித்திரை விலகல், செவிப்பறை ஓட்டை — இவங்க வேணாம். பிரஷர் மாத்திரை சாப்பிடுறவருக்கு அளவு கட்டுக்குள்ள இருந்தா டாக்டர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போகலாம். பனித் தண்ணியில திடீர்னு விழுந்தா முதல் ஒரு நிமிசம் மூச்சு கட்டுக்கு வராது, ரத்த அழுத்தம் சட்டுனு ஏறும். கங்கைத் தண்ணி மே மாச வெயில்லயும் ஐஸ்தான், நம்ம ஊர் கம்மாய்த் தண்ணின்னு நினைக்காதீங்க. விழுந்ததும் கத்தாம, வாய மூடி, மூச்ச வெளிய ஊதுங்க. ஒரு நிமிசத்துல அடங்கிரும்.

ஆஸ்துமாக்காரங்க இன்ஹேலரையும் சுகர்காரங்க குளுக்கோஸையும் தண்ணி புகாத பையில போட்டுக் கைடுகிட்ட குடுங்க. நம்ம கிட்டதான் இருக்குன்னு பாக்கெட்ல வச்சா அது ஆத்தோட போயிரும்.

உடுப்பு: ஜீன்ஸ், பருத்திப் பனியன், சேலை, துப்பட்டா எதுவும் வேணாம். நனைஞ்ச பருத்தி காயாது, குளிர் உள்ள எறங்கும். பாலியஸ்டர் டி-ஷர்ட், டிராக் பேன்ட் போதும். கம்பெனி நியோப்ரீன் உடுப்பு (குளிர் தாங்குற ரப்பர் உடுப்பு) குடுத்தா போட்டுக்கங்க. கால்ல பின்வார் உள்ள சாண்டல், இல்ல லேஸ் கட்டுற பழைய கேன்வாஸ் ஷூ. ஹவாய் செருப்பு முதல் ராப்பிட்லயே மிதக்கும்.

பெண்களுக்கு: கொலுசும் மெட்டியும் கழட்டிருங்க. கால் எங்கயாவது மாட்டினா விரல் கிழியும். தாலிக்கொடிய ரூம்ல பத்திரமா வச்சிட்டு மஞ்சக் கயிறு கட்டிக்கலாம், அதையும் ஜாக்கெட்டுக்குள்ள விட்டுக்கங்க. தலைமுடி எறக்கமாப் பின்னி உள்ள சொருகணும், கிளிப் வேணாம். ஹெல்மெட்டுக்கு அடியில குத்தும்.

வெயில் கிரீம் முகத்துக்கும் கைக்கும் போடுங்க. தொடையில போடாதீங்க, ரப்பர்ல வழுக்கி நேரா ஆத்துக்குள்ள எறக்கிரும்.

காலையில இட்லி மாதிரி லேசா, கெளம்புறதுக்கு ரெண்டு மணி நேரம் முன்னாடி. முந்தின ராத்திரி தண்ணி போட்டவங்கள ஏத்தாதீங்க, மறுநாள் காலையில தெளிவாத் தெரிஞ்சாலும் சரி.

#11 ஜில்ஜில்_ஜிகர்தண்டா

அக்கா, நீச்சலே தெரியாதவங்க எப்படிப் போறது? ஜாக்கெட் போட்டா மூழ்காதுன்னு எல்லாரும் சொல்றாய்ங்க, கனஅடி ஐயா தூக்காதுங்கிறாரு.

#12 கனஅடி

நான் சொன்னது தடுப்பணைச் சுழலுக்கு. சாதாரண ஓட்டத்துல ஜாக்கெட் தூக்கும். ஆனா தூக்குறது மட்டும்தான் அதோட வேலை, கரைக்குக் கொண்டுபோய்ச் சேர்க்காது.

#13 துடுப்புக்காரன்

ரெண்டு மூணாம் தரத்துக்கு நீச்சல் கட்டாயமில்லன்னு கம்பெனிக்காரங்க சொல்றது தப்பில்ல. நான் சொல்றது, நீச்சலைவிட முக்கியம் தண்ணிக்கு அடியில முகம் போனா பதறாம இருக்கிறது. கெளம்புறதுக்கு முன்னாடி ஒரு மாசம் ஏதாவது ஒரு நீச்சல் குளத்துல மூச்சடக்கி முகம் நனைக்க, மல்லாந்து மிதக்கப் பழகிக்கங்க. மே மாசத்து மதுரை வெயிலுக்கு அதுவும் நல்லதுதான்.

படகுலருந்து விழுந்தா என்ன செய்யணும்னு பேப்பர்ல எழுதி 11 பேருக்கும் குடுங்க. கைடு காலையில சொல்வார், ஆனா எல்லாரும் போட்டோ எடுத்துக்கிட்டு இருப்பாங்க.

முதல்ல, எந்திரிச்சு நிக்காதீங்க. ஓடுற தண்ணி முழங்காலுக்கு மேல இருந்தா கால் ஊணவே கூடாது. ஆத்துல விழுந்தவங்க செத்துப் போறதுக்கு முக்கியமான காரணங்கள்ல ஒண்ணு இது. பாறை இடுக்குல பாதம் மாட்டிக்கும், பின்னாடி இருந்து வர்ற தண்ணி முதுகத் தள்ளி ஆளக் குப்புறக் கவுத்திரும். இடுப்பளவு தண்ணி போதும், மூக்கு உள்ள போயிரும். ஜாக்கெட் மாட்டின காலை விடுவிக்காது.

ரெண்டாவது, மல்லாந்து படுங்க. கால் ரெண்டும் கீழ்நீர்ப் பக்கம் (தண்ணி போற பக்கம்), கால் விரல் தண்ணிக்கு வெளிய தெரியணும், இடுப்பத் தூக்கி வச்சுக்கங்க. பாறை வந்தா காலால ஒதைச்சுத் தள்ளலாம். அலை முகத்துல அடிக்கும். அலை உச்சியில வாய மூடி, பள்ளத்துல எறங்கயில மூச்சு இழுங்க. தலைகீழாச் செஞ்சா தண்ணிதான் உள்ள போகும்.

மூணாவது, இந்த மல்லாந்த நிலை கடைசி வரைக்கும் இல்ல. படகோ கரையோ கிட்ட இருந்தா, கைடு சொன்னா, குப்புறத் திரும்பி வேகமா நீந்தணும். நேரா கரையப் பாக்காம ஓட்டத்துக்குச் சாய்வா. பாறைக்குப் பின்னாடி தண்ணி அமைதியா, லேசா மேல திரும்பி ஓடுற எடம் இருக்கும், கைடு அத "எடி"ம்பார். அதுக்குள்ள போயிட்டா தப்பிச்சீங்க.

நாலாவது, கயிறு வந்தா கயிறப் புடிங்க, பையை இல்ல. கையில சுத்தாதீங்க, நெஞ்சோட சேத்துப் புடிங்க. கயிறு வீசுறவர் நிக்கிற கரைக்கு எதிர்ப்பக்கத் தோள் மேல கயிறு போகணும். அப்பதான் தண்ணியே உங்கள ஊஞ்சல் மாதிரி ஆட்டிக் கரையில ஒதுக்கும்.

அஞ்சாவது, விழுந்த மரமும் கிளையும். தண்ணி உள்ள பூந்து போகும், ஆள் போக முடியாது. இதுக்கு மட்டும் முறை தலைகீழ். கால நீட்டிப் போகக் கூடாது. குப்புறத் திரும்பி, மரத்தப் பாத்து வேகமா நீந்தி, மோதுற நேரத்துல கையால ஊணி நெஞ்ச மரத்து மேல ஏத்திரணும். கங்கையில அபூர்வம், பாரபோளே மாதிரி காட்டாறுல மழைக்குப் பின்னாடி சகஜம்.

கடைசியா, படகே கவுந்து தலைக்கு மேல ரப்பர் தட்டுப்பட்டா கைய மேல தூக்கி ஒரே திசையில தடவிக்கிட்டே போங்க. திசைய மாத்தாதீங்க, நாலஞ்சு தடவல்ல வெளிய வந்துருவீங்க. வெளிய வந்ததும் சுத்துக் கயிறப் புடிச்சு மேல்நீர்ப் பக்கமா (தண்ணி வர்ற பக்கம்) மிதந்துக்கிட்டு இருங்க. கீழ்நீர்ப் பக்கம் இருந்தா படகுக்கும் பாறைக்கும் நடுவுல சிக்குவீங்க.

#14 நாலுமாசிவீதி

இத அப்படியே பிரிண்ட் எடுத்துட்டேன். படகு கவுறாம இருக்க நாங்க என்ன செய்யணும்? இல்ல, எல்லாம் கைடு பாத்துக்குவாரா?

#15 துடுப்புக்காரன்

கைடு திசை காட்டுவார், வேகம் உங்களது. படகு ஓடுற தண்ணியவிட கொஞ்சம் வேகமாவோ மெதுவாவோ போனாத்தான் கைடு சொன்னபடி திரும்பும். அதே வேகத்துல மெதந்தா அது வெறும் கட்டை.

அதிகமா நடக்குற தப்பு ஒண்ணு. பெரிய அலை வர்றப்ப எல்லாரும் துடுப்பத் தூக்கிட்டுக் "ஓ"ன்னு கத்துவாங்க. துடுப்பு வெளிய வந்ததும் வேகம் போச்சு. அலைக்குப் பின்னாடி இருக்கிற சுழல் படகப் புடிச்சு நிறுத்தும், பக்கவாட்டுல திருப்பும், மேல்நீர்ப் பக்க ட்யூப் அமுங்கும், கவுந்துரும். கத்துங்க, ஆனா துடுப்பு தண்ணிக்குள்ள இருக்கட்டும். தண்ணிக்குள்ள இருக்கிற துடுப்பு உங்களுக்கு ஒரு கைப்புடி மாதிரியும் தாங்கும்.

துடுப்போட மேல்முனையில டி வடிவப் புடி இருக்கும். மேல்கை எப்பவும் அத மூடியே இருக்கணும். அத விட்டுட்டுக் கம்பப் புடிச்சா, அந்தப் புடி பக்கத்துல இருக்கிறவர் பல்லுல போய் ஒக்காரும். ராஃப்டிங்ல பல்லும் மூக்கும் ஒடையுறது பாறையால கொறவு, டி புடியால அதிகம்.

ஒக்கார வேண்டியது வெளி ட்யூப் மேல, உள்ள தரையில இல்ல. பாதத்த முன்னாடி இருக்கிற குறுக்கு ட்யூப்புக்கு அடியிலயோ பாதச் சொருகியிலயோ வைக்கணும். இறுக்கமாத் திணிக்காம, விழுந்தா கழண்டு வர்ற அளவுக்கு. கையால இழுக்காதீங்க, இடுப்புலருந்து முன்னாடி சாஞ்சு, துடுப்ப முழுசா முக்கி, ஒடம்ப நிமித்துங்க. கையால இழுத்தா மத்தியானத்துக்குள்ள தோள் போயிரும், இன்னும் பாதி ஆறு மிச்சம் இருக்கும்.

"ஃபார்வர்டு", "பேக்", "ஸ்டாப்", "ஹோல்ட் ஆன்", "கெட் டவுன்" எல்லாம் கேட்டாலே புரியும். "ஹை சைடு" மட்டும் மனுசன் புத்திக்கு எதிரானது. படகு பக்கவாட்டுல பாறையில மோதுறப்ப எல்லாரும் பாறைய விட்டு விலகத்தான் பாப்பாங்க. விலகினா மேல்நீர்ப் பக்கம் கனம் கூடும், தண்ணி அந்த ட்யூப் மேல ஏறும், படகு பாறையச் சுத்தி ஒட்டிக்கும். ஒட்டின படகப் பிரிக்கக் கப்பி கட்டி இழுக்கணும், மணிக்கணக்காகும். "ஹை சைடு"ன்னா பாறைப் பக்கத்து ட்யூப் மேல எல்லாரும் தாவி விழணும். பாறையக் கட்டிப் புடிக்கிற மாதிரி. அமைதியான தண்ணியில இத மூணு தடவ ஒத்திகை பாக்கச் சொல்லிக் கேளுங்க.

#16 ஜில்ஜில்_ஜிகர்தண்டா

முன் சீட்டு யாருக்கு? நான் இவங்க கூட ஒட்டிக்கலாம்னு இருக்கேன். ஹெல்மெட்ல கேமரா மாட்டலாமா?

#17 துடுப்புக்காரன்

முன்னாடி ஒக்கார்ற ரெண்டு பேர்தான் தாளம். பின்னாடி எல்லாரும் அவங்களப் பாத்துத்தான் துடுப்பு போடணும். அதனால பலசாலிய விட சீராப் போடுறவங்கள ஒக்கார வைங்க. அலை முதல்ல அடிக்கிறதும் அங்கதான்.

கேமரா: கைடு அனுமதிச்சா, இழுத்தா கழண்டு வர்ற மாதிரி மாட்டணும். செல்ஃபி குச்சி வேணவே வேணாம். ஒரு கையில குச்சி, ஒரு கையில துடுப்புன்னா டி புடி யாரு பல்லுக்குன்னு சீட்டுக் குலுக்க வேண்டியதுதான்.

#18 கேகேநகர்_சிஸ்டர்

கண்ணாடிக்காரங்களுக்கு ஒண்ணு விட்டுப்போச்சு. காதுக்குப் பின்னாடி இறுக்குற பட்டை வாங்கிக்கங்க. கடையில கெடைக்கலன்னா நாலு மில்லி ரப்பர் கயித்த ரெண்டு காம்புலயும் கட்டி, ஹெல்மெட் போடுறதுக்கு முன்னாடி இறுக்கிருங்க. கான்டாக்ட் லென்ஸ் போடாதீங்க. ஆத்துத் தண்ணி கண்ணுல பட்டா லென்ஸ் அடிச்சிட்டுப் போறது மட்டுமில்ல, கண்ணுல கிருமியும் தங்கும்.

இன்சூரன்ஸ் பாலிசியையும் ஒரு தடவ பொரட்டிப் பாருங்க. பல தனிநபர் விபத்துப் பாலிசியில சாகச விளையாட்டுக்கு விலக்கு இருக்கும்.

#19 நாலுமாசிவீதி

ஜிகர்தண்டா தம்பியச் சேத்தா 12 பேர். ரெண்டு படகா? யாரை எதுல போடுறது?

#20 துடுப்புக்காரன்

ரெண்டு படகு, ஆறு ஆறா. நீச்சல் தெரியாதவங்கள ஒரே படகுல சேக்காதீங்க, ரெண்டுலயும் பாதிப் பாதி. கனமும் அப்படியே எடம் வலம் சமமா. 15 வயசுப் பையன நடு வரிசையில, நீச்சல் தெரிஞ்ச ஒருத்தர் பக்கத்துல. 58 வயசுக்காரர் பின்னாடி, கைடுக்கு முன்னாடி. அங்கதான் ஆட்டம் கொறவு, கைடு கையெட்டுற தூரமும்கூட. பிரஷர்காரர் வந்தா அவரும் இன்னொரு படகுல அதே எடம்.

விழுந்தவரைத் தூக்குறது யாருன்னு முன்னாடியே ஜோடி போட்டுக்கங்க. கையப் புடிச்சு இழுக்கக் கூடாது. ஜாக்கெட்டோட ரெண்டு தோள்பட்டையப் புடிச்சு, விழுந்தவர் முகம் படகப் பாத்த மாதிரி வச்சு, ஒரு அமுக்கு அமுக்கி, மிதப்பு மேல தள்ளுறப்ப நீங்க பின்னாடி மல்லாந்து விழுங்க. அவர் உங்க மேல வந்து விழுவார். ஐம்பது கிலோ ஆள் எண்பது கிலோ ஆள இப்படித் தூக்கலாம்.

#21 ஆரப்பாளையம்_பஸ்

ரயில் முன்பதிவு இப்ப 60 நாள்தான், பழைய 120 நாள் கணக்குல இருக்காதீங்க. சம்பர்க் கிராந்தியில மே மாசத்துக்கு 12 பெர்த் ஒண்ணா வேணும்னா திறக்குற அன்னைக்குக் காலை 8 மணிக்கே ஒக்காரணும். ஒரு டிக்கெட்ல ஆறு பேர்தான் ஏறும். உங்களுக்கு ஆறு ஆறாப் பிரிச்சதும் வசதியாப் போச்சு.